மிஸ்ஸியும் மூன்றாவது ட்ரையும்

எங்கள் ஒழுங்கையில் யாருக்கும் எந்த நல்ல காரியமும் முழுசாக நடந்தது கிடையாது. மிஸ்ஸி விடமாட்டார். சோதனையில் ஒன்பது ஏ எடுத்த பிள்ளை அவர் வாயில் நாலைந்து ஏ எடுத்த பிள்ளை. சுவிசிலிருந்து ஒரு வீட்டுக்கு மாப்பிள்ளை வந்து இறங்கினால், "பெடியன் எங்கையோ வெளியிலை ஒரு வேலையாம்" என்பதோடு சரி. எங்கள் வளவு மாமரம் கிளை முறியக் காய்த்த வருடம், இந்தமுறை ஏதோ பத்துப் பன்னிரண்டு கிடக்குதுபோல என்று சொல்லிக்கொண்டே இரண்டு உரப்பை நிறையப் பழத்தைத் தன் ஸ்கூட்டியில் ஏற்றிக்கொண்டு போனவர் அவர்.

அவருக்கு ஒரு பெயர் இருந்தது. கந்தோரில் யாராவது அதைச் சொல்லிக் கூப்பிட்டிருப்பார்கள். எங்களுக்கு அவர் மிஸ்ஸிதான். பண்டத்தரிப்புப் பக்கத்துக்கு அரசாங்கம் அனுப்பிய குடும்பநல மாது. கர்ப்பிணிகளைப் பார்ப்பது, பிறந்த குழந்தைகளை நிறுப்பது, தடுப்பூசிக்குக் கலைத்துக்கொண்டு போவது எல்லாம் அவருடைய வேலை. எங்கள் வீட்டுக்கு எதிர்வீட்டில் தனியாக இருந்தார். இப்போது கனடாவில் தம்பியோடு இருக்கிறார். அங்கேயும் யாருடைய வீட்டையாவது அறை குறைத்துத்தான் சொல்லிக்கொண்டிருப்பார், எனக்குச் சந்தேகமே இல்லை.

நாவூறு என்றால் தெரியும்தானே. ஒருவருடைய நல்லதை வாயால் நிறையச் சொன்னால், சொன்ன நாக்கே அதைக் கெடுத்துவிடும் என்ற பயம். எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் அது கொஞ்சம் உண்டு. மிஸ்ஸிக்கு அது இரண்டாவது உத்தியோகம். கிளினிக்கில் குழந்தையைத் தராசில் போட்டு, உள்ள நிறையை அட்டையில் ஒழுங்காக எழுதுவார். வாயால் சொல்லும்போது அரைக் கிலோ குறைத்துச் சொல்லுவார். முதல் பிள்ளைக்காரிகள் அதைக் கேட்டு அழுதுவிடுவார்கள். அப்போது அவர்களின் காதுக்குள் போய், "நான் சொன்னதைக் கேளாதை, எழுதினதைப் பார்" என்பார். அதே மிஸ்ஸி தடுப்பூசிக்குப் பின்னடிக்கிற தாய்மாருக்குக் கிருமியைப் பற்றி அரை மணித்தியாலம் விளக்கம் கொடுப்பார். விளக்கம் முடிந்த கையோடு பிள்ளையின் கன்னத்தில் கறுப்புப் பொட்டு இல்லையென்று அதே தாயைப் பேசுவார்.

இப்படிப்பட்ட மனுசி றக்பியில் போய் மாட்டிக்கொண்டது என் மகள் தர்சிகாவால்தான்.

எங்கள் பக்கத்தில் பந்து என்றால் ஒன்று கிரிக்கெட், இல்லாவிட்டால் உதைபந்தாட்டம். றக்பி கொழும்பாருக்கும் கண்டியாருக்கும் உரியதென்று விட்டிருந்தோம். அவளுடைய பள்ளிக்கூடத்துக்குப் புதிதாக வந்த விளையாட்டு ரீச்சர் பெண்பிள்ளைகளைச் சேர்த்து றக்பி தொடங்கினார். பல்லுக்குக் கம்பி போட்டுக் கழற்றி ஒரு வருடம்கூட ஆகாத பிள்ளை நானும் போகப்போகிறேன் என்று வந்து நின்றாள். நான் ஏலாது என்றேன். இவர், அதாவது என் மனுசன், வழக்கம்போல அம்மாவைக் கேள் என்றார். அவள் எங்கள் இருவரையும் விட்டுவிட்டு மிஸ்ஸியிடம் போனாள். பிறந்ததிலிருந்து பாதி நாள் அந்த வீட்டில் வளர்ந்தவள். நான் தபாற்கந்தோர் வேலையால் வர ஆறு மணியாகும், அதுவரைக்கும் மிஸ்ஸியின் குசினிதான் அவளுக்கு வீடு.

மிஸ்ஸி நியாயமான ஆள். பார்க்காமல் ஒன்றும் சொல்லமாட்டேன், உது என்ன விளையாட்டு என்று ஒருக்காக் காட்டுங்கோ என்றார். அந்த நேரம் உலகக் கிண்ணப் போட்டி ஒன்று ரீவியில் போய்க்கொண்டிருந்தது. இவர் போட்டுவிட்டார். திரையில் மலைமலையாகப் பதினாறு பேர் குனிந்து, தலையோடு தலை கொடுத்துத் தள்ளத் தொடங்கினார்கள். மிஸ்ஸி கதிரையை முன்னுக்கு இழுத்தார். அவருக்கு அது முற்றிலும் பழக்கமான காட்சியாக இருந்திருக்கவேண்டும்.

"முக்குங்கோடா தம்பியவை. மூச்சைப் பிடிச்சு முக்குங்கோ. வருது, வருது."

பின்பக்கத்தால் பந்து வெளியே வந்தது. "சுகப்பிரசவம்" என்று சொல்லிவிட்டு மிஸ்ஸி கதிரையில் சாய்ந்தார். இவர் சிரித்த சிரிப்பில் தேத்தண்ணி மூக்கால் வந்தது.

அதோடு நின்றிருந்தால் எங்கள் வீட்டுக்குப் புகை வந்திருக்காது. அந்தப் போட்டியில் பசிபிக் தீவுக்காரன் ஒருவன் இருந்தான். நல்ல உயரம். பந்தை வாங்கினால் ஓரமாக விழுந்து ஓடி, கோட்டுக்கு அங்கால் கொண்டுபோய் நிலத்தில் வைத்துவிடுவான். அப்படி வைப்பதற்குத்தான் ட்ரை என்று பெயர், ஒன்றுக்கு ஐந்து புள்ளி என்று இவர் விளங்கப்படுத்தினார். முதலாவது ட்ரைக்கு மிஸ்ஸி கைதட்டினார். இரண்டாவதுக்கு நெடுவல் கெட்டிக்காரன் என்றார். மூன்றாவது வைத்ததும் திரையில் அவனுடைய முகத்தைப் பெரிதாகக் காட்டி, பக்கத்தில் மூன்று என்று இலக்கத்தையும் போட்டார்கள். மிஸ்ஸியின் முகம் மாறியது. நாலாவதையும் வைத்தான். உலகக் கிண்ணத்தில் ஒரே ஆட்டத்தில் ஒரு ஆள் இவ்வளவு வைப்பது லேசில் நடக்கிற காரியமில்லை என்று அறிவிப்பாளர் கத்தினார். மிஸ்ஸி எழும்பி நின்றுவிட்டார்.

"உதை ஏன் எழுதிக் காட்டுறாங்கள்? உலகம் முழுக்கப் பாக்குதெல்லோ. அவன்ரை தாய் மனுசி ஒண்டும் சொல்லாதோ?"

அடுத்த ஆட்டத்தில் அந்த நெடுவல் தொடங்கிய கொஞ்ச நேரத்திலேயே தொடையைப் பிடித்துக்கொண்டு நொண்டி நொண்டி வெளியே போனான். மிஸ்ஸி திரும்பி என்னைப் பார்த்தார். நான் யன்னல் பக்கம் பார்த்தேன்.

அதற்குப் பிறகு உலகத்தில் எங்கே றக்பி நடந்தாலும் பொறுப்பு மிஸ்ஸியுடையது. ஒருவன் ஒரு ஆட்டத்தில் இரண்டாவது ட்ரை வைத்தவுடன் எங்கள் குசினிக்குள் போவார். செத்தல் மிளகாய், உப்பு, கடுகு எல்லாவற்றையும் கைக்குள் பொத்திக்கொண்டு வந்து ரீவியை மூன்றுமுறை சுற்றி, வெளியே போய்ச் சிரட்டை நெருப்பில் போடுவார். நாங்கள் இருமிக்கொண்டு மிச்ச ஆட்டத்தைப் பார்ப்போம். ஒருநாள் இவர் பொறுக்கமுடியாமல், மிஸ்ஸி, இது மறு ஒளிபரப்பு, ஆட்டம் முடிஞ்சு மூண்டு மாதம் என்று சொன்னார். ஆட்டம் பழசுதான், பார்க்கிற கண் புதுசெல்லோ என்று மிஸ்ஸி கேட்டார். விவசாய மருந்துக்கடை நடத்துகிற இவருக்கு இதையெல்லாம் யோசிக்க எங்கே நேரம்.

போகப்போக அவரிடம் ஒரு முழுத் தத்துவமே வளர்ந்துவிட்டது. பந்தைக் காலால் உதைத்துப் புள்ளி எடுக்கிறவர்களைப் பற்றி அவருக்குக் கவலையில்லை. ஒரு உலகக் கிண்ண ஆட்டத்தில் ஒருவன் தன்னுடைய அணியின் புள்ளி முழுவதையும் தனியாளாக உதைத்தே எடுத்தான். நான் மிளகாய்ப் போத்தலை ஒளித்து வைத்துவிட்டுக் காத்திருந்தேன். மிஸ்ஸி அசையவில்லை. உவன் உதைக்க வெளிக்கிட்டால் சனம் தேத்தண்ணி குடிக்கப் போய்விடும், ஒருதரும் பார்க்காத புள்ளிக்கு என்னண்டு நாவூறு படும் என்றார். ட்ரை வைக்கிறவனுக்குத்தான் ஆபத்து. அதற்கும் அவரிடம் ஒரு வழி இருந்தது. ஐந்து புள்ளியையும் பதினைந்து பேருக்கும் பிரித்துவிட வேண்டும், அப்போது ஆளுக்கு ஒரு புள்ளிகூட வராது, எல்லோரும் சுகமாக வீட்டுக்குப் போகலாம். ஒரு தொடரில் ஆகக் கூடுதலாக ட்ரை வைத்துப் பரிசு வாங்கிய ஒருவனைப் பற்றி மீன்காரரிடம் அவர் சொல்லிக்கொண்டு நின்றதை நானே கேட்டேன். அந்தப் பெடியனும் இந்தமுறை ரெண்டொண்டு வைச்சவன் என்றார். மீன்காரர் பாவம், சரி மிஸ்ஸி, விளைமீனும் அரைக் கிலோ போடவோ என்று கேட்டார்.

இவ்வளவையும் பகிடியாகத்தான் நான் பார்த்துக்கொண்டிருந்தேன். தர்சிகாவின் விசயம் வரும்வரைக்கும்.

மிஸ்ஸி அனுமதி கொடுத்து, நானும் மனமில்லாமல் தலையாட்டி, அவள் விளையாடத் தொடங்கினாள். பிள்ளைக்கு அப்படியொரு வேகம் இருக்கிறதென்று எனக்குத் தெரியாது. வீட்டில் ஒரு கோப்பையை எடுத்து வைக்க அரை நாள் எடுக்கிறவள். மைதானத்தில் பந்தைக் கையில் கொடுத்தால் பின்னால் வருகிறவர்கள் பாவப்பட்ட சனமாகத் தெரிவார்கள். மாகாண அணிக்குப் போனாள், பிறகு இலங்கையின் பதினெட்டு வயதுக்குட்பட்ட பெண்கள் எழுவர் அணிக்கும் எடுத்தார்கள். எழுவர் றக்பி என்றால் பக்கத்துக்கு ஏழு பேர்தான், ஓடுகிறவளுக்கு இடம் கூட. வேகத்தைப் பார்த்தால் ஆட்டத்துக்கு நாலு ஐந்து ட்ரை வைத்திருக்கவேண்டும். எந்த ஆட்டத்திலும் இரண்டுக்கு மேல் வைத்ததில்லை.

வெளிநாட்டில் நடக்கிற ஆசியப் போட்டிக்கு அணி பயிற்சி எடுத்துக்கொண்டிருந்தபோது கொழும்பிலிருந்து பயிற்றுநர் எனக்குத் தொலைபேசி எடுத்தார். சிங்கள மனிதர், மரியாதையாகக் கதைப்பவர். தபாற்கந்தோரில் பழகிய சிங்களத்தில் நானும் சமாளித்தேன். இந்தப் போட்டி முடிய ஒரேயொரு பிள்ளையைத் தேசியப் பெண்கள் அணியின் பயிற்சிக்கு எடுக்கப்போகிறேன், வேகத்தைப் பார்த்தால் உங்கள் மகள்தான், ஆனால் இரண்டு ட்ரையோடு அவள் அணைந்துவிடுகிறாள், அரை வழியில் நிற்கிற ஆளை வைத்து நான் என்ன செய்ய, உடம்பில் ஏதாவது வருத்தம் இருக்கிறதா என்று கேட்டார். அன்றைக்கே அவளுக்குத் தொலைபேசி எடுத்து, மூச்சு முட்டுதோ, கால் நோகுதோ என்று விசாரித்தேன். அவள் சொன்னாள்:

"எனக்கு ஒரு வருத்தமும் இல்லை அம்மா. மூண்டாவது வைச்சா மிஸ்ஸிக்கு நித்திரை வராது. அதுதான் மற்றப் பிள்ளையளிட்டைக் குடுக்கிறனான்."

அப்போதுதான் எனக்கு எல்லாம் வெளித்தது. பள்ளிக்கூட மைதானத்தில் அவள் இரண்டாவது ட்ரை வைத்தவுடன் மிஸ்ஸி கோட்டுக்கரைக்கு வந்து நின்று "காணும் குஞ்சு, காணும்" என்று சொல்லுவதை நானும் எத்தனையோ தரம் கண்டிருக்கிறேன். சோறு போடும்போது, போதும் என்பதற்குச் சொல்லுகிற காணும் என்று நினைத்திருந்தேன்.

நேரே எதிர்வீட்டுக்குப் போனேன். படலையைத் திறந்த சத்தத்திலேயே மிஸ்ஸிக்கு விளங்கியிருக்கும். என் பிள்ளையின் வாழ்க்கையை உங்கடை மிளகாய்க்குள் பொத்தி வைச்சிருக்கிறியள் என்று தொடங்கி வாய்க்கு வந்ததெல்லாம் சொன்னேன். வேறு யாராவது என்றால் திருப்பிக் கத்தியிருப்பார்கள். மிஸ்ஸி கதிரையைக் காட்டி என்னை இருக்கச் சொன்னார். பிறகு தன்னுடைய கதையைச் சொன்னார்.

பள்ளிக்கூடத்தில் படிக்கிற காலத்தில் அவர் ஓட்டக்காரி. நூறு மீற்றரில் அந்தப் பக்கத்தில் அவரை வெல்ல ஆள் இல்லை. மாவட்டப் போட்டியில் முதலாவதாக வந்து, பழைய சாதனையையும் முறித்தாராம். ஒலிபெருக்கியில் பெயரையும் நேரத்தையும் திரும்பத் திரும்பச் சொன்னார்களாம். அடுத்தது கொழும்பில் ஓடவேண்டும். பயணம் வெளிக்கிடுகிற அன்று காலை எழும்பிப் பார்த்தால் இரண்டு கன்னமும் வீங்கிக் கூகைக்கட்டு. சொல்லிவிட்டு நிறுத்தினார். நான் மிச்சக் கதைக்காகக் காத்திருந்தேன். மிச்சம் இல்லை.

"அவ்வளவுதானோ மிஸ்ஸி?"

"அவ்வளவுதானோ எண்டு கேக்கிறாய். நான் ஓடேல்லை பிள்ளை. பேந்து ஒருநாளும் ஓடேல்லை."

கூகைக்கட்டு கிருமியால் வருகிறது, நீங்கள்தானே கிளினிக்கில் படம் போட்டுக் காட்டுகிறீர்கள் என்றேன். கிருமிதான், நான் இல்லையென்று சொல்லவில்லை, ஆனால் அது ஏன் அன்றைக்கு வந்தது என்று கேட்டார். இதற்கு உலகத்தில் எந்த டொக்டரிடம் மறுமொழி இருக்கிறது. சிரிக்கத்தான் வெளிக்கிட்டேன். அவருடைய முகத்தைப் பார்த்ததும் முடியவில்லை. ஐம்பது வயதைத் தாண்டிய மனுசி, கொழும்புப் பயணத்துக்கு உடுத்தி முடித்துக் கண்ணாடிக்கு முன்னால் நிற்கிற பிள்ளைபோல இருந்தார். எனக்கு அவரில் ஆத்திரமும் பாவமும் ஒன்றாக வந்தது.

அணி பிளேன் ஏறுவதற்கு முதல்நாள் நான் தொலைபேசியை மிஸ்ஸியின் கையில் பிடித்துக் கொடுத்தேன். எத்தினை வேணுமெண்டாலும் வை குஞ்சு, நான் ஒண்டும் நினைக்கமாட்டன் என்று, நான் சொல்லிக்கொடுத்ததை அப்படியே ஒப்புவித்தார். ஓம் மிஸ்ஸி என்றாள் தர்சிகா. அந்த ஓமில் எனக்கு நம்பிக்கை வரவில்லை.

கடைசி நாள், மூன்றாம் இடத்துக்கான ஆட்டம். இன்ரநெற்றில் நேரடியாகக் காட்டினார்கள், இவர் ரீவியில் இணைத்துவிட்டார். மத்தியானச் சாப்பாட்டை அப்படியே மூடி வைத்துவிட்டு இருந்தோம். மிஸ்ஸி வெறுங்கையோடு வந்தார். மிளகாயை நினைக்கவும் கூடாது என்று தனக்குத்தானே கட்டளை போட்டிருந்தார்போல, இரண்டு கையையும் தொடைக்குக் கீழே வைத்து அதன்மேல் இருந்தார்.

தர்சிகா முதல் பாதியில் ஒன்று வைத்தாள். இரண்டாம் பாதியில் இன்னொன்று. இடையில் எங்கள் அணிப் பிள்ளை ஒருத்தி, தெற்கே காலி ஊர்ப் பிள்ளையாம், பந்தைத் தவறவிட்டு எதிரணிக்கு ஒரு ட்ரை கொடுத்துவிட்டு அழுதுகொண்டு ஓடினாள். எதிரணி இரண்டு புள்ளி முன்னுக்கு நின்றது. நேரம் முடிகிற தறுவாயில் தர்சிகாவின் கையில் பந்து வந்தது. முன்னால் ஒருத்தரும் இல்லை. அவள் விட்ட ஓட்டத்தில் கமெராக்காரருக்கே பிடிக்கமுடியாமல் போய்விட்டது. கோட்டைத் தாண்டிவிட்டாள். நான் கத்தத் தொடங்கிவிட்டேன்.

பந்தை அவள் வைக்கவில்லை. கையில் வைத்துக்கொண்டு கோட்டுக்கு அங்காலே குறுக்காக ஓடினாள். நடுக்கம்பத்துக்குக் கீழே வைக்கப்போகிறாள், உதைக்க லேசாக இருக்கும் என்றார் இவர். நடுக்கம்பமும் தாண்டிப் போயிற்று. அவள் திரும்பித் திரும்பிப் பின்னால் பார்த்தாள், யாராவது வருகிறார்களா என்று. எதிரணிப் பிள்ளைகள் வந்துகொண்டிருந்தார்கள்.

"வை குஞ்சு" என்றார் மிஸ்ஸி. மெல்லமாகத்தான் சொன்னார். பிறகு எழும்பி ரீவியின் இரண்டு கரையையும் பிடித்துக்கொண்டு, "வையடி, நிலத்திலை வையடி" என்று கெஞ்சினார். அவருடைய முதுகால் எங்களுக்குத் திரை பாதி மறைந்துவிட்டது.

அழுதுகொண்டிருந்த அந்தக் காலிப் பிள்ளை எப்படியோ வந்து சேர்ந்தாள். தர்சிகா பந்தைப் பின்னுக்கு அவளிடம் போட்டாள். அவள் அதோடு விழுந்து வைத்தாள். வென்றுவிட்டோம். இவர் முற்றத்துக்கு ஓடி ஒழுங்கை முழுக்கக் கேட்கச் சத்தம் போட்டார். மிஸ்ஸி ரீவியை விட்டுவிட்டு வந்து கதிரையில் இருந்தார். அவரைப் பார்க்க, தோற்ற அணியின் ஆள் மாதிரி இருந்தது. பின்னேரம் தர்சிகா தொலைபேசி எடுத்தாள். ஏன் வைக்கவில்லை என்று கேட்டேன். கோட்டைத் தாண்டினவுடனை மிஸ்ஸியின்ரை முகம்தான் வந்தது அம்மா, கை பதியமாட்டன் எண்டிட்டுது என்றாள். மிஸ்ஸி பக்கத்திலேயே நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு வீட்டுக்குப் போனார்.

மறுநாளிலிருந்துதான் விசர் மறுபக்கம் திரும்பியது. கிளினிக்கில், சந்தையில், கோவில் வாசலில், கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் மிஸ்ஸி சொல்லத் தொடங்கினார், தர்சிகா மூண்டு ட்ரை வைச்சவள் என்று. வாழ்நாள் முழுக்க எல்லாவற்றையும் குறைத்துச் சொன்ன வாய் இப்போது ஒன்றைக் கூட்டிச் சொன்னது. சனம் அவர் சொன்னதோடு வழக்கமான விகிதத்தில் கூட்டிக் கணக்குப் பார்த்து, ஆறு வைத்திருப்பாள் என்று முடிவுகட்டியது. கந்தோரில் எனக்குக் கைகுலுக்கினார்கள். நான் போய், இரண்டுதான் மிஸ்ஸி, மற்றது அந்தக் காலிப் பிள்ளையின் கணக்கு என்று சொன்னேன்.

"ஓடிக் கொண்டுபோனவள் ஆர்? கோட்டைத் தாண்டினவள் ஆர்? மற்றவள் கையிலை வாங்கினவள். நானும் எத்தினை பிள்ளையளைக் கையிலை வாங்கியிருக்கிறன். எல்லாம் நான் பெத்தது எண்டு சொல்லலாமோ பிள்ளை?"

அணி கொழும்புக்குத் திரும்பிய கிழமை, ஞாயிற்றுக்கிழமை காலை, பயிற்றுநர் எடுத்தார். நான் குசினியில் தேங்காய் திருவிக்கொண்டிருந்தேன். கை முழுக்கத் தேங்காய்ப்பூவாக இருந்ததால் சத்தத்தைக் கூட்டித் தொலைபேசியை அலுமாரியில் சாத்தி வைத்தேன். மிஸ்ஸி அங்கேதான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

பயிற்றுநர் மிகவும் உருகிப்போய்க் கதைத்தார். என் வாழ்க்கையில் இப்படியொரு பிள்ளையைக் கண்டதில்லை, கோட்டைத் தாண்டின பிறகும் தன்னுடைய மூன்றாவது ட்ரையை அழுகிற சிநேகிதிக்குத் தூக்கிக் கொடுத்தாள், நீங்கள் வளர்த்த விதம் என்றார். அவளைத்தான் தேசியப் பயிற்சிக்கு எடுக்கிறேன் என்றார். எனக்குக் கண்ணால் தண்ணி வந்துவிட்டது, வெங்காயத்தால் இல்லை. அவர் தொடர்ந்து, அவளை இனி ஓரத்தில் ஓடவிடப்போவதில்லை, நடுவில் வைத்து மற்றவர்களுக்குப் பந்து கொடுக்கிற வேலையைக் கொடுக்கப்போகிறேன், ட்ரை வைக்கிற ஆசை இல்லாத பிள்ளை, அதற்கு வேறு ஆட்கள் இருக்கிறார்கள் என்றார்.

நான் நன்றி சொல்ல வாய் திறந்தேன். மிஸ்ஸி கத்தியை வைத்துவிட்டு எழும்பித் தொலைபேசியை எடுத்தார்.

மிஸ்ஸியின் சிங்களம் பயிற்சிக் காலத்தில் தெற்கில் ஒரு பிரசவ வார்டில் படித்தது. மற்றவர் கதைப்பது விளங்கும், கதைக்க வருவது முக்கு, மூச்சு விடு, பயப்படாதே, தலை தெரிகிறது, இவ்வளவும்தான். அதை வைத்துக்கொண்டு அந்த மனிதருக்கு விளங்கப்படுத்தத் தொடங்கினார். பிள்ளை தானாக வர இருந்தது, நான்தான் முக்காதே என்று பிடித்துவைத்தேன். சிநேகிதிக்கும் கொடுக்கவில்லை, ஒருத்தருக்கும் கொடுக்கவில்லை, எனக்குப் பயந்து கொடுத்தாள். அவளுக்கு ஆசை இல்லையென்று யார் சொன்னது. ஆசை தொண்டைவரைக்கும் நிற்கிறது. நடுவில் கொண்டுபோய் வைக்கவேண்டாம், ஓரத்தில் விடுங்கள்.

அந்த மனிதர் பிள்ளையை எடுத்ததே அவளுடைய நல்ல குணத்துக்காக. அதை மிஸ்ஸி இல்லையென்று நிரூபித்துக்கொண்டிருக்கிறார். இருந்த ஒரேயொரு இடமும் போகப்போகிறது என்று மிஸ்ஸியின் சீலைத் தலைப்பைப் பிடித்து இழுத்தேன். அவர் என் கையைத் தட்டிவிட்டார்.

பிறகு, நீங்கள் யார் என்று பயிற்றுநர் கேட்டார். மிட்வைவ் என்றார் மிஸ்ஸி. அவர் அதை எப்படி எடுத்துக்கொண்டாரோ தெரியாது. சரி, ஓரத்தில் விட்டால் அவள் எத்தனை வைப்பாள் என்று கேட்டார்.

மிஸ்ஸி என்னைப் பார்த்தார். வாயைத் திறந்தார், மூடினார். நாக்கு உள்ளே எதையோ குறைக்கப் பார்ப்பதும் அவர் அதை விடாமல் பிடிப்பதும் எனக்கு வெளியே தெரிந்தது.

"தஹயக்" என்றார். பத்து என்று அர்த்தம்.

தொடர் முழுக்கவும் சேர்த்தா என்று கேட்டார் பயிற்றுநர். ஒரு ஆட்டத்தில் என்றார் மிஸ்ஸி.

அந்த மனிதர் சிரித்த சிரிப்பு குசினி முழுக்கக் கேட்டது. சிரித்து முடித்து, நல்லது மிட்வைவ், ஓரத்திலேயே விடுகிறேன், பத்தை நானும் பார்க்கத்தானே வேண்டும் என்று சொல்லி வைத்துவிட்டார். நான் அப்படியே திருவலகையில் இருந்துவிட்டேன். மிஸ்ஸி ஒரு மிடறு தண்ணி கேட்டார், குடித்தார். பிறகு என் தொலைபேசியிலேயே தர்சிகாவின் இலக்கத்தை அழுத்தினார்.

"குஞ்சு, உன்ரை கோச் சேரிட்டை நான் பத்தெண்டு சொல்லிப்போட்டன். இனி வைக்கிறது உன்ரை பாடு."